மேல்வீட்டுப் பாடகியின் முப்பத்தோராம் நாள்

பதினோரு வருடம் மொன்ட்ரியாலில் இறந்தவர்களின் வாழ்க்கையை எழுதித்தான் நான் சாப்பிட்டேன். நகரின் வடக்கே மொன்ட்ரியால்-நோர் பகுதியில் ஒரு தமிழ் அச்சகத்தில் வேலை. கலியாண அழைப்பிதழ், கடைகளுக்குக் கலண்டர், திருவிழாத் துண்டுப்பிரசுரம் எல்லாம் அடிப்போம். ஆனாலும் அச்சகத்தை விழாமல் தாங்கியது நினைவு மலர்தான். எங்கள் ஆட்களில் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாள் மண்டபத்தில் சாப்பாடு நடக்கும். சாப்பிட்டுவிட்டுப் போகிறவர்கள் கையில் ஒரு சிறு புத்தகத்தைக் கொடுத்தனுப்புவார்கள். அட்டையில் இறந்தவரின் படம், உள்ளே வாழ்க்கை வரலாறு, பிறகு தேவாரம் அல்லது செபம், கடைசிப் பக்கத்தில் துயருறுவோரின் பெயர்கள். அந்த வாழ்க்கை வரலாற்றை எழுதுகிறவன் நான்.

எழுதுவது பெரிய வித்தை இல்லை. செத்த வீட்டுக்காரர் இரண்டாம் கிழமை, எட்டாம் ஒன்பதாம் நாளில், வருவார்கள். நான் வரிசையாகக் கேட்பேன்: பிறந்த ஊர், தாய் தகப்பன், எத்தனையாவது பிள்ளை, படித்த பள்ளிக்கூடம், செய்த வேலை, கலியாணம் முடித்த இடம், பிள்ளைகள், பேரப்பிள்ளைகள். அவர்கள் அழுதுகொண்டு பதில் சொல்வார்கள். நான் எழுதிக்கொண்டு போவேன். எல்லோரும் இன்முகத்தோடு உபசரித்தவர்கள், எல்லோரும் ஊருக்கு உதவியவர்கள். என் எழுத்தை நம்பினால் கனடாவில் இறந்த தமிழர்களில் ஒரு கோபக்காரர்கூடக் கிடையாது. பிறகு கணினியில் ஏற்கெனவே செய்து வைத்திருக்கும் பக்கத்தைத் திறப்பேன். நீள்வட்டத்துக்குள் படம், சுற்றிவரக் கறுப்புக் கரை, கத்தோலிக்கர் என்றால் மேலே சிலுவை, சைவர் என்றால் குத்துவிளக்கு. கை தன்பாட்டில் செய்யும். வாய் முதலாளியோடு ஐஸ் ஹொக்கியைப் பற்றிக் கதைத்துக்கொண்டிருக்கும்.

ஊரில் சண்டை நடந்து, யாழ்ப்பாணத்துக்குப் போகும் பாதையைப் பூட்டி வைத்திருந்த காலத்தில் என் அம்மா அங்கே இறந்தார். நான் போகவில்லை. போக முடியாது என்று எல்லோரும் சொன்னார்கள், நானும் அதைப் பிடித்துக்கொண்டேன். அம்மாவின் நினைவு மலரை நானே செய்தேன். ஒரு கலியாண அட்டைக்கும் ஒரு பிறந்தநாள் அட்டைக்கும் இடையில், ஒரு மத்தியானத்துக்குள் முடித்து அனுப்பிவிட்டேன். அங்கே அடித்துக் கொடுத்தார்கள். அடுத்த நாள் தங்கச்சி தொலைபேசி எடுத்தாள்.

“அண்ணை, எல்லாம் வடிவாயிருக்கு. ஆனா உங்கட பேரைக் காணேல்லை.”

எடுத்துப் பார்த்தேன். அம்மாவுக்கு ஆறு பிள்ளைகள். கடைசிப் பக்கத்தில் ஐந்து பெயர்கள் இருந்தன. நான் எழுதிய இருநூறு முந்நூறு புத்தகங்களில் துயருறுவோர் பட்டியலில் என் பெயர் ஒருநாளும் வந்ததில்லை. அந்தப் பழக்கத்தில் அம்மாவின் பட்டியலிலும் என்னை விட்டுவிட்டேன், அதுவும் மூத்த மகனை.

“அடிச்சாச்சுத்தானே. விடு,” என்றேன்.

அவள் தொலைபேசியை வைத்துவிட்டாள். எனக்குக் கவலை வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. பசி வந்தது.

இது நடந்து ஒரு வருடம் கழித்துத்தான் மேல்வீட்டு மதாம் எங்கள் அச்சகத்துக்குள் வந்தார். அச்சகம் கீழே, அவருடைய வீடு மேலே. பழைய யுகோஸ்லாவியாவின் குரோவாசியாக்காரி, ஐம்பது வயது தாண்டியவர், முதியோர் இல்லம் ஒன்றின் சலவைக்கூடத்தில் காலை வேலை. இரண்டு மணிக்கு வேலை முடிந்து வருவார். மூன்று மணிக்கு எங்கள் தலைக்கு மேலே பாட்டுத் தொடங்கும். முதலில் வாயை மூடிக்கொண்டு முனகுவார், பிறகு ஏணியில் ஏறுவதுபோல ஆ, ஆ, ஆ என்று ஒவ்வொரு படியாக ஏறுவார், கடைசியாகத்தான் பாட்டு. எங்கள் தாள் வெட்டும் இயந்திரம் டொக்கென்று விழும் சத்தம் அவருக்குக் கேட்கும், அவருடைய சத்தம் எங்களுக்குக் கேட்கும். ஏழு வருடம் இப்படியே போனது. படிக்கட்டில் கண்டால் “பொன்ஜூர் மதாம்”, “பொன்ஜூர் மிஸ்யு”. அதற்குமேல் இல்லை.

அவருடைய பிரெஞ்சும் அரைகுறை, என்னுடையதும் அரைகுறை. ஆனால் அவர் பேசியது என் மண்டைக்குள் எங்கள் தமிழாகத்தான் தங்கியிருக்கிறது. அப்படியே எழுதுகிறேன்.

“மிஸ்யு, எனக்கு ஒரு போஸ்டர் வேணும்,” என்றார். “நான் ஒரு பாட்டுக் கச்சேரி வைக்கிறன். எங்கட சேர்ச் மண்டபத்தில.”

கையில் ஒரு பிளாஸ்டிக் பை. அதற்குள் படங்கள், பத்திரிகைத் துண்டுகள், ஓரம் மடங்கிய இசைத்தட்டு உறைகள். நல்ல படமாக ஒன்று எடுக்க வேண்டும், இரண்டு மூன்று வரி எழுத வேண்டும் என்றார். நான் கதிரையை இழுத்துப் போட்டேன், எழுதும் கொப்பியைத் திறந்தேன், பிறந்த ஊர் என்று கேட்டேன். எனக்கு வேறு கேள்விகள் தெரியாது. அவர் அதை வித்தியாசமாக எடுக்கவில்லை. ஒரு போஸ்டருக்கு எதற்கு எத்தனையாவது பிள்ளை என்று கேட்கிறாய் என்று ஒரு சொல் சொல்லவில்லை. அவரிடம் அந்தக் கேள்விகளை ஒருவரும் கனகாலம் கேட்டிருக்கவில்லை என்று பிறகுதான் எனக்குப் பட்டது.

நாலு பின்னேரம் வந்து சொன்னார். அட்ரியாட்டிக் கடலோரத்தில் ஒரு சின்னப் பட்டினம். தகப்பன் கப்பல் கட்டும் தளத்தில் இரும்பு ஒட்டுகிற வேலைக்காரர். மூன்றாவது பிள்ளை. ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் பாடகர் குழுவில் பாடினார். பதினேழு வயதில் கடற்கரைப் பாட்டுப் போட்டி ஒன்றில் ஏறினார். ஒன்றுவிட்ட அக்காவின் வெள்ளைச் சப்பாத்தை இரவல் வாங்கிப் போட்டதாம். ஒரு அளவு சின்னது. கால்விரல்களை மடக்கிக்கொண்டு முழுப் பாட்டையும் பாடி முடித்தாராம்.

“பரிசு கிடைச்சதோ?”

“இல்லை. ஆனா அந்த வலியில முகம் சோகமாயிருந்திருக்கு. இசைத்தட்டுக் கொம்பனிக்காரன் ஒருத்தன் வந்து, இந்தப் பிள்ளைக்கு நல்ல உணர்ச்சி எண்டு சொன்னான்.”

அவர் சிரித்தார். நான் ‘முதல் இசைத்தட்டு, பதினெட்டு வயது’ என்று எழுதினேன்.

இரண்டாவது தட்டில் ஒரு பாட்டு. ஒரு தீவுத்துறையில் பெண்ணொருத்தி நிற்கிறாள், கப்பல் வருகிறது, நிற்காமல் போகிறது. அவ்வளவுதான் கதை. ஆனால் தாளம் கோடைகாலத் தாளம். ஐந்து கோடை அந்தக் கடற்கரை முழுதும் கோப்பிக் கடைக்குக் கடை அதுதான் பாடியதாம். தொலைக்காட்சியில் புதுவருட நிகழ்ச்சி, யுகோஸ்லாவியா முழுதும் கச்சேரிகள், ஜெர்மனிக்கு வேலைக்குப் போன தங்கள் ஆட்களின் சங்கங்களில் பாட்டு. ஒரு படத்தில் நீலச் சட்டையோடு மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றார். முன்வரிசையில் ஒரு தடித்த மனிதர் கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

“அவையள் எல்லாரும் கேக்கிறது அந்த ஒரு பாட்டுத்தான். நான் நூற்றுப் பத்துப் பாட்டுப் பாடியிருக்கிறன் மிஸ்யு. ஒருத்தருக்கும் தெரியாது.”

கலியாணம் முடித்த இடம் கேட்டேன். அந்தப் பாட்டுக்கு இசை அமைத்தவரைத்தான் முடித்தார். பெல்கிரேட்காரர், சேர்பியர். அப்போது அது ஒரு விஷயமே இல்லை என்றார். பிறகு அதுமட்டும்தான் விஷயமாக இருந்தது என்றார். குரோவாசியருக்கும் சேர்பியருக்கும் சண்டை தொடங்கியதும் மதாமின் ஊர் வானொலி அவருடைய பாட்டுகளை நிறுத்தியது, புருஷன் சேர்பியர் என்று. புருஷனின் ஊர் வானொலியும் நிறுத்தியது, பெண்சாதி குரோவாசியாக்காரி என்று. இரண்டும் ஒரே கிழமைக்குள். புருஷன் தாயைப் பார்த்துவிட்டு வருகிறேன் என்று போனார், வரவில்லை. ஒரு கடிதம் வந்தது. மதாம் அதை வாசித்துவிட்டு, மொன்ட்ரியாலில் இருந்த மச்சாளிடம் விமானம் ஏறினார். மச்சாள் இரண்டு வருடத்தில் வான்கூவருக்குப் போய்விட்டார். சலவைக்கூட வேலை அப்போதிருந்து.

இதையெல்லாம் அவர் அழாமல் சொன்னார். நான் அசையாமல் எழுதினேன். எங்கள் இரண்டு பேரையும் அந்த நேரத்தில் யாராவது பார்த்திருந்தால் வருமான வரிப் படிவம் நிரப்புகிறோம் என்றுதான் நினைத்திருப்பார்கள்.

“பிள்ளைகள்?”

“இல்லை.”

ஒரு கோடு போட்டேன்.

கடைசிப் பின்னேரம்தான் கச்சேரி எதற்கென்று சொன்னார். கழுத்தில் கட்டி. விரலை வைத்து எனக்குக் காட்டினார், குரல்வளைக்குப் பக்கத்தில் ஒரு பாக்கு அளவு. வெட்டி எடுக்கத்தான் வேண்டும். குரலுக்குப் போகும் நரம்பு அதோடு ஒட்டிக்கொண்டு கிடக்கிறதாம். குரல் பழையபடி வரலாம், வராமலும் விடலாம் என்று டொக்டர் சொல்லியிருக்கிறார். வெட்டுகிற நாள் குறித்தாயிற்று. கச்சேரி அதற்கு இரண்டு நாள் முந்தி, நவம்பர் மாத முதல் ஞாயிறு, பின்னேரம் நாலு மணி.

“இஞ்ச வந்து பதின்மூண்டு வருசமாப் பாடுறன். கலியாணத்தில, சேர்ச் விருந்தில. சூப்புக்கும் இறைச்சிக்கும் நடுவில பாடுவன். கரண்டிச் சத்தம்தான் எனக்குப் பக்கவாத்தியம். போன முறை நாப்பது பேர் இருந்திச்சினம், ஒருத்தரும் நிமிர்ந்து பாக்கேல்லை.” பிளாஸ்டிக் பையை மடித்துக்கொண்டு சொன்னார். “ஒருக்கா, மிஸ்யு. இந்தக் குரல் இருக்கேக்க, மண்டபம் நிறைய ஆக்கள் இருந்து கேக்கவேணும். சாப்பாடு இல்லாமல். அவ்வளவுதான்.”

“நல்ல போஸ்டரா அடிச்சுத் தாறன் மதாம்,” என்றேன். வாடிக்கையாளர் எவருக்கும் சொல்கிற சொல்தான்.

புதன்கிழமை காலை அவரை ஏதோ பரிசோதனைக்காக ஆஸ்பத்திரியில் மறித்து வைத்துவிட்டார்கள். அங்கிருந்து தொலைபேசி எடுத்தார். சனிக்கிழமைதான் விடுவார்களாம். அச்சடிக்கும் முன் அவர் ஒருமுறை பார்க்க வேண்டும் என்று பேச்சு.

“நேரமில்லை மிஸ்யு. நீங்களே அடிச்சு ஒட்டிவிடுங்கோ. உங்களில நம்பிக்கை.”

அடித்தேன். எழுத்துகள் அவர் தன் பாசையில் தட்டச்சில் எழுதித் தந்தவை, ஒரு சொல் விளங்காது, அப்படியே போட்டேன். நீலச் சட்டைப் படத்தை எடுத்து முகத்தை மட்டும் வெட்டினேன். நீள்வட்டத்துக்குள் வைத்தேன். சுற்றிவரக் கரை போட்டேன். சேர்ச் மண்டபம், கத்தோலிக்கர், ஆகவே மேலே சிலுவை. நான் யோசித்துச் செய்யவில்லை. பக்கத்து மேசையில் முதலாளி கோல் காப்பாளரைத் திட்டிக்கொண்டிருந்தார், நானும் சேர்ந்து திட்டினேன்.

வியாழக்கிழமை பஸ்ஸில் போய் நானே ஒட்டினேன். அவர் தந்த பட்டியலில் ஒரு பேக்கரி, ஒரு இறைச்சிக் கடை, ஒரு பயண முகவர் கந்தோர், கடைசியாகத் தேவாலயம். பேக்கரியில் நின்ற மனுஷி தாளைக் கண்டதும் கையை நெஞ்சில் வைத்து “மோன் தியூ”, என் கடவுளே, என்றார். அட, மதாம் பெரிய பாடகிதான் என்று எண்ணிக்கொண்டேன். தேவாலயத்தில் பங்குக் குரு ரொறொன்ரோவுக்குப் போயிருந்தார். வாசலில் ஒரு அறிவித்தல் பலகை. அதில் நாலைந்து சிறிய தாள்கள், ஒவ்வொன்றிலும் கறுப்புக் கரை, உள்ளே ஒரு முகம், மேலே சிலுவை. நடுவில் ஒரு இடம் காலியாக இருந்தது. என்னுடையதும் அளவாகப் பொருந்தியது. நல்ல வேலை செய்தேன் என்ற திருப்தியோடு பஸ் ஏறினேன்.

வெள்ளிக்கிழமை முழுதும் மேலே தொலைபேசி அடித்தது. அடிக்கும், நிற்கும், திரும்ப அடிக்கும். வீட்டில் ஆளில்லை. சனம் கச்சேரிக்கு இடம் கேட்கிறது என்று முதலாளிக்குச் சொன்னேன்.

சனிக்கிழமை காலை அச்சகத்துக்கு வந்தபோது மேல்வீட்டுக்குப் போகும் கதவடியில் வெள்ளைப் பூங்கொத்து ஒன்று கிடந்தது. பக்கத்தில் சிவப்புக் கண்ணாடிக் குவளைக்குள் ஒரு மெழுகுவர்த்தி, அணைந்துபோய் இருந்தது. அதைக் கையில் எடுத்தேன். எங்கள் சேமக்காலைகளில் கல்லறைகளுக்கு முன்னால் வைப்பது போன்ற குவளை. குவளையோடு தெருவைக் கடந்து எதிர்ப்பக்கம் போய் நின்றுகொண்டு எங்கள் அச்சக யன்னலைப் பார்த்தேன். அதிலும் நான் ஒன்று ஒட்டியிருந்தேன்.

அந்தத் தூரத்தில் எழுத்து தெரியவில்லை. கறுப்புக் கரை தெரிந்தது. சிலுவை தெரிந்தது. நீள்வட்டத்துக்குள் மதாம் தெரிந்தார். பதினோரு வருடம் அதைச் செய்தவன் நான், எனக்குத் தெரியாதா? மரண அறிவித்தலை எவரும் வாசிப்பதில்லை. முகத்தைப் பார்ப்பார்கள், எந்த மண்டபம், எத்தனை மணி என்று பார்ப்பார்கள், போய்விடுவார்கள். அந்தத் தேவாலயப் பலகையில் இருந்தவையும் மரண அறிவித்தல்கள்தான். நானே உயிரோடிருக்கும் ஒரு மனுஷியைக் கொண்டுபோய் அவற்றின் நடுவில் ஒட்டியிருக்கிறேன். வீட்டிலே தொலைபேசியையும் எடுக்க ஆளில்லை. சனம் வேறென்ன நினைக்கும்?

மத்தியானம் மதாம் டாக்சியில் வந்து இறங்கினார். முகம் வெளுத்திருந்தது. தொலைபேசியைக் கழற்றி வைத்துவிட்டுப் படுக்கப்போகிறேன், நாளைக்குக் குரல் வேண்டும் என்றார். பூங்கொத்தை நான் உள்ளே ஒளித்து வைத்திருந்தேன்.

“ஒட்டினீங்களோ?”

“ஓம் மதாம். எல்லா இடமும்.”

“ஆக்கள் வருவினமோ?”

அந்த இடத்தில் சொல்லியிருக்கலாம். பயத்தில் சொல்லவில்லை என்று எழுத ஆசையாக இருக்கிறது. உண்மை அதைவிட மோசம். நான் தொழில்காரனாக யோசித்தேன். ஒருவரின் அறுபதாம் பிறந்தநாளுக்கு நாற்பது பேர் வருவார்கள். அதே ஆளின் செத்த வீட்டுக்கு நானூறு பேர் வருவார்கள். எங்கள் சனம் அப்படி, இவர்களும் மனிதர்தானே. சொன்னால் அவர் எல்லோருக்கும் தொலைபேசி எடுத்து நான் சாகவில்லை என்பார். சனம் கர்த்தருக்கு நன்றி சொல்லிவிட்டு வீட்டில் இருக்கும். அவருக்கு வேண்டியது நிறைந்த மண்டபம். அது ஒரே ஒரு வழியால்தான் நிறையும்.

“வருவினம்,” என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை நான் கோட் சூட் போட்டுக்கொண்டு போனேன். என்னிடம் இருந்தது ஒன்றுதான், செத்த வீடுகளுக்குப் போடுகிறது. மண்டப வாசலில் அதைப் பார்த்து ஒருவரும் வித்தியாசமாக நினைக்கவில்லை. எல்லோரும் கறுப்பில் வந்திருந்தார்கள். கதிரைகள் நிறைந்து, சுவரோரமாக நின்றார்கள். மேடைக்கு முன்னால் பூக்கள், சிவப்புக் குவளைகள். காலைப் பூசைக்கு வந்த மாற்றுக் குரு விஷயம் தெரியாமல் மதாமின் ஆன்ம இளைப்பாற்றிக்கு ஒரு செபமும் சொல்லியிருந்தார் என்று பிறகு அறிந்தேன்.

நான் மேடைக்குப் பின்னால் போய் நின்றேன், மதாம் பின்கதவால் வந்தார். அதே நீலச் சட்டை, இடுப்பில் துணி விட்டுத் தைத்திருந்தார். கூடவே அக்கோர்டியன் வாசிக்கும் கிழவர், லவாலில் இருந்து வருகிறவர், காது கொஞ்சம் மந்தம், ஊர்க்கதை எதுவும் எட்டாத மனிதர். மதாம் திரையை ஒரு விரலால் விலக்கிப் பார்த்தார். கனநேரம் பார்த்தார்.

“ஏன் எல்லாரும் கறுப்பு?”

சொன்னேன். கரை, சிலுவை, பலகை, தொலைபேசி, எல்லாவற்றையும் சொன்னேன். ஒரு போஸ்டரை மடித்துக் கொண்டுபோயிருந்தேன், எடுத்துக் கொடுத்தேன். அவர் அதை விரித்துத் தன் முகத்தைப் பார்த்தார்.

“எப்ப தெரியும் உங்களுக்கு?”

“நேற்றுக் காலமை.”

“ஏன் சொல்லேல்லை?”

“சொன்னா வரமாட்டினம் மதாம்.”

அவர் எனக்கு அடிப்பார் என்று நினைத்தேன். அடித்தால் வாங்கியிருப்பேன். அவர் தாளை நாலாக மடித்து என் கையில் திருப்பித் தந்தார்.

“கதிரை நிறைஞ்சிட்டோ?”

“நிறைஞ்சு, நிக்கினம்.”

“சாப்பிடுகினமோ?”

“இல்லை.”

அக்கோர்டியன்காரரின் தோளில் தட்டிவிட்டு மேடைக்குப் போனார்.

முதலில் ஒரு கிழவி வீரிட்டாள். யாரோ சிலுவை அடையாளம் போட்டார்கள், யாரோ கோபமாகக் கத்தினார்கள். ஒருவர் தன் பூங்கொத்தை நிலத்தில் போட்டுவிட்டு விறுவிறென்று வெளியேறினார், அவரோடு ஒரு பத்துப் பதினைந்து பேர் போனார்கள். மதாம் மைக்கைப் பிடித்துக்கொண்டு அவர்கள் போய் முடியும்வரை நின்றார். பிறகு ஒரு வசனம் சொன்னார். என்ன சொன்னீர்கள் என்று பிறகு கேட்டேன். “வந்திட்டியள், இருங்கோ.” அவ்வளவுதானாம்.

இருந்தார்கள். ஒன்றரை மணி நேரம் பாடினார். ஒருவருக்கும் தெரியாத அந்த நூற்றுப் பத்தில் இருந்து பதினான்கு பாட்டு. முதல் பாட்டு முடிந்தபோது ஒருவரும் கைதட்டவில்லை. செத்த வீட்டுக்கு வந்த கைகள், என்ன செய்வதென்று தெரியாமல் மடியில் கிடந்தன. மூன்றாவது பாட்டுக்குத்தான் பின்வரிசையில் ஒரு பிள்ளை தட்டியது, பிறகு எல்லோரும் தட்டினார்கள். கப்பல் நிற்காமல் போகும் பாட்டை அவர் கடைசியில் பாடினார். மண்டபமே அழுதது. உயிரோடு நிற்கிறவளைப் பார்த்து, செத்தவளுக்காகக் கொண்டுவந்த கண்ணீரை அழுது தீர்த்தார்கள். நான் சுவரோரமாக நின்றேன். ஏழு வருடம் என் தலைக்கு மேலே கேட்ட பாட்டு அது. எனக்கு அழுகை வரவில்லை. என் சப்பாத்து நனைந்திருக்கிறது, வெளியே பனி தொடங்கிவிட்டது போலிருக்கிறது என்று நினைத்தது ஞாபகம்.

பஸ் தரிப்பில் அவர் என்னிடம் ஒன்று சொன்னார். “அவையள் செத்தவளுக்கு வந்தவை, மிஸ்யு. எனக்கு வரேல்லை.” கொஞ்சம் பொறுத்து, “ஆனா கேட்டவை,” என்றார்.

செவ்வாய்க்கிழமை கழுத்தை வெட்டினார்கள்.

அடுத்து வந்த நாட்களில் எனக்கு ஒரு வினோதமான பழக்கம் வந்தது. மூன்று மணி ஆனதும் என் கை நின்றுவிடும். யாருடையதோ வாழ்க்கை வரலாற்றில் பாதி வசனத்தில் இருப்பேன், விரல் எழுத்துப் பலகையில் அப்படியே நிற்கும். முதலாளி என்னடா என்பார், ஒன்றுமில்லை என்பேன். மேலே அவர் வீட்டில்தான் இருந்தார், நடக்கும் சத்தம் கேட்டது. பாட்டு இல்லை. தாள் வெட்டும் இயந்திரம் மட்டும் டொக் டொக்கென்று விழுந்தது. எனக்கு வந்திருப்பது கவலை என்று கண்டுபிடிக்க இரண்டு கிழமை பிடித்தது. கனகாலம் காணாத ஆளைத் தெருவில் கண்டதுபோல முகம் பிடிபடவில்லை.

மூன்றாம் கிழமை முடிவில் மதாம் படியிறங்கி வந்தார். கழுத்தில் ஒரு சால்வை. வாயைத் திறந்தார், காற்றுத்தான் வந்தது. காற்றுக்குள் கொஞ்சம் சொல் இருந்தது.

“உங்கட ஆக்கள் செத்தால் பேந்து என்ன செய்வியள்?”

முப்பத்தோராம் நாளைச் சொன்னேன். மேசையில் கிடந்த ஒரு நினைவு மலரை எடுத்துக் காட்டினேன். பக்கம் பக்கமாகப் புரட்டினார். எங்கள் எழுத்தைத் தடவிப் பார்த்தார்.

“எனக்கும் ஒண்டு செய்யுங்கோ. கச்சேரியில இருந்து முப்பத்தொண்டு எண்ணுங்கோ.”

“மதாம், நீங்கள் இருக்கிறீங்கள்.”

“நான் இருக்கிறன்.” கையைச் சால்வையில் வைத்தார். “இது போயிட்டுது. டொக்டர் சொல்லிப்போட்டார், திரும்பி வராதாம்.”

“உங்கட பாசையில எழுத எனக்குத் தெரியாதே.”

“உங்கட பாசையில எழுதுங்கோ. அதில ஒருத்தரும் பிழை பிடிக்க மாட்டினம்.”

கொப்பியைத் தேடி எடுத்தேன். நாலு பின்னேரத்துக் குறிப்பும் அப்படியே இருந்தது. எழுதத் தொடங்கியதும் கை வழக்கம்போல ‘இன்முகத்தோடு உபசரித்து’ என்று அடித்தது. அழித்தேன். எவரையும் அவர் உபசரித்து நான் காணவில்லை. ஒரு அளவு சின்னதான வெள்ளைச் சப்பாத்தை எழுதினேன். மடக்கிய கால்விரல்களை எழுதினேன். ஒரே கிழமையில் நின்ற இரண்டு வானொலிகளை எழுதினேன், சூப்புக்கும் இறைச்சிக்கும் நடுவில் என்று எழுதினேன், மூன்று மணி என்று எழுதினேன். பதினோரு வருடத்தில் முதல் தடவையாக ஒருவரின் வாழ்க்கையை எழுத எனக்கு ஐந்து நாள் பிடித்தது. முதலாளி முணுமுணுத்தார். முணுமுணுக்கட்டும் என்று விட்டுவிட்டேன். கரையைக் கறுப்பில் போடவில்லை, அவருடைய சட்டையின் நீலத்தில் போட்டேன்.

கடைசிப் பக்கம் வந்தது. துயருறுவோர். கணவர் என்று போட ஆளில்லை, பிள்ளைகளுக்கு என் கொப்பியில் ஒரு கோடு, மச்சாள் வான்கூவரில். பக்கம் வெறுமையாக இருந்தது. எங்கள் பட்டியலில் பெயருக்கு முன்னால் முறை போடாமல் எழுத முடியாது. மகன், மருமகன், பெறாமகன், சம்பந்தி, ஏதாவது ஒன்று வேண்டும். நான் அவருக்கு என்ன முறை? கனநேரம் யோசித்துவிட்டு ‘கீழ்வீட்டுக்காரன்’ என்று அடித்தேன். அதற்குப் பக்கத்தில் என் பெயரை அடித்தேன். துயருறுவோர் என்ற சொல்லுக்குக் கீழே என் பெயரை நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. கண் எரிந்தது. கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு, கதவைச் சாத்திவிட்டு, அழுதேன். அது மதாமின் குரலுக்கு மட்டுமான அழுகை இல்லை என்பது எனக்கு நன்றாகத் தெரிந்தது.

முப்பத்தோராம் நாள் மூன்று மணிக்கு மேலே போய்ப் புத்தகத்தைக் கொடுத்தேன். ஒரே ஒரு பிரதி. அவர் கோப்பி போட்டுத் தந்தார். ஒவ்வொரு பக்கமாக விரலை வைத்து இது என்ன, இது என்ன என்று காற்றுக் குரலில் கேட்டார், நான் சொன்னேன். சப்பாத்து வந்த இடத்தில் சிரித்தார். கடைசிப் பக்கத்தில் தனியாக நின்ற வரியில் விரலை வைத்தார்.

“இது ஆர்?”

“நான்தான் மதாம்.”

அவர் என் கோப்பிக்கு இன்னும் ஒரு கரண்டி சீனி போட்டார்.

கீழே வந்து கணினியில் அம்மாவின் நினைவு மலரைத் திறந்தேன். தங்கச்சி தொலைபேசி எடுத்த நாளுக்குப் பிறகு அதைத் திறந்ததே இல்லை. நேராகக் கடைசிப் பக்கத்துக்குப் போனேன். பிள்ளைகள் என்ற சொல்லுக்குக் கீழே ஒரு வரிக்கு ஒன்றாக ஐந்து பெயர்கள். மூத்தவன் பெயர் முதலில் வர வேண்டும். தம்பி தங்கச்சிமாரின் பெயர்கள் ஐந்தையும் ஒரு வரி கீழே இறக்கினேன்.